கேட்டு வர ஆளில்லாத சாம்பல்

மாஸ்கோ போகிறவர்கள் செஞ்சதுக்கத்தைப் பார்க்காமல் திரும்புவதில்லை. அங்கே கிரெம்ளின் மதிலோரம் மார்ஷல் புத்யோன்னியின் கல்லறை சிலையோடு இருக்கிறது. 1935-ல் சோவியத்தின் முதல் மார்ஷல்களான ஐவரில் அவரும் ஒருவர், துகாச்செவ்ஸ்கியும் ஒருவர். துகாச்செவ்ஸ்கியைத் தேடினால் தோன்ஸ்கோய் மயானத்துக்குத்தான் போக வேண்டும்.

உள்நாட்டுப் போரில் கோல்சாக்கின் படையை விரட்டியபோது அவருக்கு 26 வயது. நாளைய போர் டாங்கிகளுக்கும் விமானங்களுக்கும் உரியது என்று செஞ்சேனையை நவீனமாக்கினார். 1937 ஜூனில் ஜெர்மன் உளவாளி என்று பொய்ப்பழி. ஒரே நாளில் விசாரணை. நீதிபதிகளில் புத்யோன்னியும் இருந்தார். அன்றிரவே சுட்டுக்கொன்றார்கள்.

தோன்ஸ்கோயில், 1930 முதல் 1942 வரை யாரும் கேட்டு வராத சாம்பலைக் கொட்டிய பொதுக்குழியில் அவரும் கலந்திருக்கிறார். குற்றமற்றவர் என்று 1957-ல் அரசே சொன்னது. சாம்பலைக் கேட்டு வர யார் இருந்தார்கள்? மனைவியையும் சகோதரர்களையும்கூடச் சுட்டிருந்தார்களே!