கொறடு பிடித்த கை

ரோலிங் மில்லில் வாய் பேசி வேலை நடக்காது. ஃபர்னஸிலிருந்து பழுத்து வரும் கம்பி ரோலுக்குள் நுழையும் சத்தத்தில், பக்கத்தில் நிற்பவன் கத்தினாலும் காதில் விழாது. எல்லாம் கண்ணும் கையும்தான். எதிரில் நிற்பவனின் கண் எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். அரை நொடி தவறினால் கம்பி காலைப் பதம் பார்த்துவிடும். கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் பதினான்கு வருஷம் கொறடு பிடித்தேன். அதற்கப்புறம் சினிமா, சீரியல் என்று இருபத்தைந்து வருஷம் ஓடிவிட்டது. நடிப்பு எங்கே படித்தீர்கள் என்று செட்டில் பையன்கள் கேட்பார்கள். மில்லில் என்று சொன்னால் ஜோக் அடிக்கிறேன் என்று நினைக்கிறார்கள்.

எனக்கு வருவதெல்லாம் வாட்ச்மேன், கான்ஸ்டபிள், பெண்ணைப் பெற்றவன். “சும்மா நில்லுங்க சார், அது போதும்” என்பார் உதவி இயக்குநர். அந்தச் சும்மா நிற்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். புதிதாக வருபவருக்கு வசனம் மனப்பாடமாக இருக்கும். கையை என்ன செய்வதென்று தெரியாது. அது தோளில் மாட்டிவிட்ட மாதிரி தொங்கும்.

கவரைப்பேட்டையில் ஏறி சென்ட்ரலில் இறங்கி, பார்க் ஸ்டேஷனில் வண்டி மாறிக் கோடம்பாக்கம் போகிறவன் நான். பாதி கேரக்டர்களை அந்த மின்சார ரயிலில்தான் பொறுக்கினேன். நைட் ஷிப்ட் முடித்து ஏறுகிறவன் உட்கார்ந்த உடனே தூங்க மாட்டான். முதலில் ஷூ லேஸைத் தளர்த்துவான். டிபன் பாக்ஸ் பையை மடியில் வைத்து, அதன் காதை மணிக்கட்டில் ஒரு சுற்று சுற்றிக்கொள்வான். அப்புறம்தான் கண்ணை மூடுவான். தலை சரிந்து பக்கத்து ஆள் தோளில் விழுந்தாலும் கை அந்தப் பையை விடாது. ஒரு சீரியலில், ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்திருக்கும் அப்பாவுக்கு இதை வைத்தேன். கையில் மஞ்சள் பை, உள்ளே மகளின் எக்ஸ்ரே. பையின் காதை மணிக்கட்டில் சுற்றிக்கொண்டேன். யாரும் சொல்லித்தரவில்லை. கேமராமேன் மட்டும் கவனித்து, “சார், அதை இன்னொரு தடவை பண்ணுங்க” என்று கிட்டே வந்து எடுத்தார்.

இந்த விஷயத்தில் நான் மனசுக்குள் குருவாக வைத்திருப்பது டெல்லி கணேஷை. 1964 முதல் பத்து வருஷம் விமானப்படையில் இருந்தவர். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நாடகம் போட்டவர். கே. பாலசந்தரின் ‘பட்டினப் பிரவேசம்’ மூலம் 1977-ல் சினிமாவுக்கு வந்தார். நானூறு படங்களுக்கு மேல், சீரியல்கள் தனி. ‘பசி’யில் ரிக்‌ஷாக்காரர், ‘சிந்து பைரவி’யில் குடியை விட முடியாத மிருதங்கக்காரர், ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டுச் சமையல்காரர். மூன்று பேருக்கும் ஒரே முகம், ஒரே உடம்பு. கை மட்டும் வேறு வேறு. ரிக்‌ஷா மிதிக்கிறவனுக்கும் கரண்டி பிடிக்கிறவனுக்கும் தோள் ஒரே மாதிரி இறங்காது என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. மேக்கப்பை நம்பியவர் இல்லை.

சீரியலில் இதற்கெல்லாம் நேரம் ஏது என்று கேட்கலாம். கேள்வி நியாயம்தான். ஒரு நாளில் அத்தனை சீன் எடுத்தாக வேண்டும். பேப்பர் காலையில்தான் வரும். பின்னாலிருந்து ப்ராம்ப்ட் பண்ணுவார்கள், நாம் திருப்பிச் சொல்ல வேண்டும். காது ப்ராம்ப்டரிடம் இருந்தாலும் கண் எதிரில் இருக்கும் ஆளிடமே இருக்க வேண்டும். பலருக்கு அங்கேதான் மாட்டும். அடுத்த வரி காதில் விழுகிற நொடியில் கண் செத்துப்போகும். வீட்டில் பார்க்கிறவர்களுக்குக் காரணம் தெரியாது, “என்னமோ ஒட்டலையே” என்று மட்டும் தோன்றும். எனக்கு அது சுலபமாக வந்தது. மில்லில் காதை நம்பாமல் கண்ணை மட்டும் நம்பிப் பழகியவன் இல்லையா.

எதிராளிக்கு க்ளோஸப் வைக்கும்போது நான் நகர மாட்டேன். ஃப்ரேமில் என் தோள்கூடத் தெரியாவிட்டாலும் நின்று லுக் கொடுப்பேன். “நீங்க போய் உக்காருங்க சார்” என்று மரியாதையாகத்தான் சொல்வார்கள். நான் போய்விட்டால் எதிரில் நடிக்கிற பெண் காற்றைப் பார்த்து அழ வேண்டியிருக்கும்.

ஒரு தடவை, பெயர் வேண்டாம், ஒரு படத்தில் எனக்கு நல்ல சீன் அமைந்தது. நாலு நாள் கால்ஷீட், ஒன்றரைப் பக்க வசனம். தெருவில் எல்லோரிடமும் சொல்லிவைத்து, குடும்பத்தோடு பொன்னேரியில் போய்ப் பார்த்தோம். எடிட்டிங்கில் சீன் போய்விட்டது. டீ கிளாஸை மேஜையில் வைக்கிற ஒரு கை மட்டும் மிஞ்சியது. கட்டை விரலுக்குக் கீழே மில்லில் வாங்கிய தீக்காயத் தழும்பு அதில் தெரிந்தது. “என்னங்க, அது உங்க கைதானே?” என்றாள் வீட்டுக்காரி. பாக்கி பேட்டா கடைசிவரை வரவில்லை.

மறுபடி என் குருவிடம் வருகிறேன். மணிரத்னத்தின் ‘நாயகன்’ 1987-ல் வந்தது. எத்தனையோ தடவை பார்த்திருப்பீர்கள். அடுத்த தடவை கமலை விட்டுவிட்டு, பக்கத்தில் நிற்கும் ஐயரை மட்டும் பாருங்கள். கமல் நடித்த வேலு நாயக்கருக்கு இந்தி தெரியாது. மொழிபெயர்த்துச் சொல்கிற ஆள் டெல்லி கணேஷ். எங்கள் மில்லிலும் பீகார் பையன்களுக்கும் ஃபோர்மேனுக்கும் நடுவில் இப்படி ஒருவர் இருந்தார். இரண்டு பக்கப் பேச்சும் அவர் வாய் வழியாகத்தான் போகும், ஒரு வார்த்தைகூட அவருடையது இல்லை. டெல்லி கணேஷ் 2024 நவம்பரில், எண்பது வயதில் இறந்துபோனார். அந்தப் படத்தில் அவர் பேசாத நேரங்களில் எங்கே பார்க்கிறார் என்று கவனியுங்கள்.