பாரசீகப் பூனையும் நம் பொறுப்பும்



மார்க்கக் கல்வி போதிக்கும் மௌலவி ஒருவர் பூனை வளர்ப்பைப் பற்றி எழுதுவதா என நீங்கள் வியக்கலாம். ஆனால், அண்மைக் காலமாகப் பெண்கள் என்னிடம் கேட்கும் மஸ்அலாக்களில் பூனையும் இடம்பிடித்துவிட்டது. தீவுப் பகுதியிலே, சாட்டிக் கடற்கரையை அண்மித்து வாழும் ஒரு குடும்பத்தில், மகன் தன் தாயாருக்குத் துணையாக இருக்கட்டுமென்று கொழும்பிலிருந்து ஒரு பாரசீகப் பூனைக்குட்டியை வாங்கி வந்து கொடுத்தார். அந்தத் தாயார் என்னிடம் கேட்டது ஒன்றுதான். "மௌலவி, இதன் மயிர் தொழுகைப் புடவையில் ஒட்டுகிறதே, தொழுகை கூடுமா?"

பூனை அசுத்தமான பிராணி அல்ல. அபூ கதாதா (ரலி) அவர்கள் தாம் ஒளுச் செய்ய வைத்திருந்த தண்ணீரைப் பூனை குடிக்கும்படி பாத்திரத்தைச் சாய்த்துக் கொடுத்ததும், பூனை நம்மைச் சுற்றி வரும் பிராணிகளில் ஒன்று, அது நஜீஸ் அல்ல என்ற நபி (ஸல்) அவர்களின் கூற்றை எடுத்துச் சொன்னதும் ஹதீஸ் நூல்களில் உள்ளன. ஆனால், நாம் பின்பற்றும் ஷாபிஈ மத்ஹபில், உண்ணத் தகாத பிராணி உயிரோடிருக்கும்போது அதிலிருந்து பிரிந்த மயிர் நஜீஸாகும். சிறிதளவாயின் மன்னிக்கப்படும். ஹனபி மத்ஹபில் அம்மயிர் சுத்தமானதே. ஆகவே மனம் குழம்ப வேண்டாம். தொழுகை உடையையும் முஸல்லாவையும் பூனை புகாத அலுமாரியில் வையுங்கள். தினமும் பூனையைச் சீவி விடுங்கள். மயிர் உதிர்வது பெருமளவு குறையும்.

சீவுவது தொழுகைக்காக மட்டுமல்ல. இந்தப் பூனையின் உடல்நலமே அதில்தான் இருக்கிறது. நீண்ட மயிர் ஒரு சில நாட்களிலேயே சிக்கி முடிச்சாகிவிடும். முடிச்சு தோலை இழுக்கும், அதன் கீழே புண் வரும். தன்னை நக்கும்போது விழுங்கும் மயிர் வயிற்றில் உருண்டையாகச் சேரும். சாட்டி போன்ற மணற்பாங்கான ஊரில், சோளகக் காற்றில் பறக்கும் மணலும் நெருஞ்சி முள்ளும் அந்த மயிருக்குள் புகுந்தால் எடுப்பது பெரும்பாடு.

முகம் தட்டையாக இருப்பதால் கண்ணீர் வழிந்துகொண்டேயிருக்கும். கொதித்தாறிய நீரில் நனைத்த சுத்தமான பஞ்சினால் தினமும் துடைக்க வேண்டும். மூக்கும் குறுகியது. கடும் வெயிலில் மூச்சுத் திணறும். நண்பகலில் குளிர்ந்த சீமெந்துத் தரையும் நிழலும் நல்ல தண்ணீரும் அவசியம். உணவைத் தட்டையான தட்டில் வையுங்கள். பூனை மாமிசம் தின்னும் பிராணி. கறிச்சோறு மட்டும் போதாது. வெங்காயம் சேர்ந்த கறி அதற்கு நஞ்சு. பசுப்பால் பல பூனைகளுக்கு வயிற்றோட்டம் தரும். காய்ச்சல் என்று எண்ணி நாம் விழுங்கும் பரசிட்டமோல் குளிகையைக் கொடுத்துவிடாதீர்கள். ஒரு குளிகையே பூனையின் உயிரைப் பறித்துவிடக் கூடும். விசர்நாய்க் கடி நோய்க்கான தடுப்பூசியும் மறவாதீர்கள்.

குணத்தில் இது அமைதியானது. நம் நாட்டுப் பூனையைப் போல் கூரை ஏறித் திரியாது. சத்தமிட்டுக் கூப்பிடாது. ஒரே இடம், ஒரே நேரம், ஒரே குரல் என்று பழகும். வீட்டில் கூச்சலும் குழப்பமும் நிறைந்தால் ஒதுங்கிப் போகும். சிறு பிள்ளைகள் வாலைப் பிடித்து இழுக்க விடாதீர்கள்.

நீண்ட மயிர்ப் பூனைகள் பதினேழாம் நூற்றாண்டில் பாரசீகத்திலிருந்து ஐரோப்பாவுக்குச் சென்றவை. இன்று நாம் காணும் தட்டை முகம், மனிதர் தம் அழகு ரசனைக்காகத் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்து இனப்பெருக்கம் செய்ததால் வந்தது. இந்த இனத்தில் சிறுநீரகத்தில் நீர்க்கட்டிகள் வளரும் பரம்பரை நோயும் அதிகம். அதற்குரிய மரபணு 2004இல் கண்டறியப்பட்டது. தாய் அல்லது தந்தைப் பூனைக்கு அந்நோய் இருந்தால், ஒவ்வொரு குட்டிக்கும் அது வர ஏறத்தாழப் பாதி வாய்ப்பு உண்டு. எனவே குட்டி வாங்குவோர் தாய் தந்தைக்குப் பரிசோதனை செய்தாயிற்றா என்று கேட்டறிவது நல்லது. பூனையை விற்பதை விரும்பத்தகாததென்று இமாம்களில் சிலர் கருதினர். ஷாபிஈ மத்ஹபில் விற்பனை கூடும். எனினும் அன்பளிப்பாகக் கொடுத்து வாங்குவதே மேலானது.

இனி முக்கியமான விடயத்துக்கு வருகிறேன். பூனையைக் கட்டி வைத்து, உணவும் கொடுக்காமல், பூமியிலுள்ளவற்றை அது தானே தேடித் தின்னவும் விடாமல் சாகடித்த பெண், அதன் காரணமாக நரகம் புகுந்ததாக நபி (ஸல்) அவர்கள் எச்சரித்தார்கள். அவளுக்கு இரண்டு வழிகள் இருந்தன. உணவளித்திருக்கலாம், அல்லது அவிழ்த்து விட்டிருக்கலாம். நாட்டுப் பூனை வளர்ப்போருக்கும் அந்த இரண்டும் உண்டு. பாரசீகப் பூனை வளர்ப்பவருக்கோ இரண்டாவது வழி அடைபட்டிருக்கிறது. கடற்கரையிலோ சந்தையிலோ விடப்பட்டால் அது எலி பிடிக்கவும் தெரியாது தடுமாறும். மயிர் சிக்கிப் பிணியுறும், வெயிலில் வாடும். அதை அவிழ்த்து விடுவதே அதற்குக் கொடுமையாகும். ஆகவே, இதை வீட்டுக்குள் ஏற்ற நாள் முதல் அதன் முழுப் பொறுப்பும் நம்மீதே சாய்கிறது. பத்துப் பதினைந்து வருடம் வாழக்கூடிய ஒரு ஜீவன் அது.

தினமும் கால் மணி நேரம் சீவ இயலுமா, மருந்துச் செலவைத் தாங்க முடியுமா, வெளிநாடு போனால் யாரிடம் ஒப்படைப்பது என்பவற்றை வாங்குவதற்கு முன் குடும்பத்தோடு கலந்து பேசுங்கள். இயலாதெனில் வாங்காதிருப்பதே தக்வாவுக்கு நெருக்கமானது. முற்றத்துக்கு வரும் நாட்டுப் பூனைக்கு ஒரு கிண்ணம் தண்ணீரும் மீன் துண்டும் வைப்பதிலும் நன்மையுண்டு.

வாயில்லா ஜீவன்களின் விடயத்தில் நம்மைப் பொறுப்புள்ளவர்களாக அல்லாஹ் ஆக்கியருள்வானாக! ஆமீன்.