‘நீ யாரு?’ன்னு கேட்கும் பூட்டு!

எழும்பூர் ஸ்டேஷனுக்கு எத்தனை தடவை போயிருப்பீங்க? ஊருக்குக் கிளம்ப, ஊர்லேர்ந்து வர்ற சித்தியை அழைச்சுக்கிட்டு வர... கணக்கே இருக்காது. அங்கிருந்து பொடிநடையா நடந்தா கொஞ்ச தூரத்துல புதுப்பேட்டை. ஆனா, வண்டி மக்கர் பண்ணினாலொழிய யாரும் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்கிறதில்லை. ‘புதுப்பேட்டை’ன்னா நமக்கு 2006-ல் வந்த தனுஷ் படம்தான் ஞாபகத்துக்கு வருது. கூடவே, ‘அங்கே காரை நிறுத்திட்டு டீ குடிச்சுட்டு வந்தா, வெறும் ஹாரன் மட்டும்தான் மிச்சமிருக்கும்’ங்கிற அரதப்பழசான ஜோக்.

நானும் அந்த ஜோக்கை நாலு பேர்கிட்ட சொன்னவன்தான். இப்போ சொல்றதில்லை. ஏன்னு கேட்கறீங்களா? வாங்க, நடந்துக்கிட்டே பேசலாம்.

ஒரு கார், ஒரு கல்யாணம்

என் நண்பனோட அப்பா ரிட்டயர் ஆனதும் செஞ்ச ஒரே ஆடம்பரம், செகண்ட் ஹேண்டுல ஒரு ஜெர்மன் கார். பத்து வயசைத் தாண்டின வண்டி. பொண்ணு கல்யாணத்துக்கு மாப்பிள்ளையை அந்தக் கார்லதான் அழைச்சுக்கிட்டு வரணும்னு அங்கிளுக்கு ஆசை. கல்யாணத்துக்குச் சரியா ஒன்பது நாள் இருக்கும்போது, பத்திரிகை வைக்கக் கிளம்பினவர் சாவியைப் போட்டார். ஒண்ணுமே நடக்கலை! டேஷ்போர்டுல ஒரு லைட் கூட எரியலை. சாவி திரும்ப மாட்டேங்குது. ஸ்டியரிங் கல்லு மாதிரி நிக்குது.

வந்து பார்த்த சர்வீஸ் சென்டர்காரர், “எலெக்ட்ரானிக் ஸ்டியரிங் லாக் போயிடுச்சு சார். மொத்தமா மாத்தணும். பார்ட் வெளிநாட்டுலேர்ந்து வரணும், மூணு வாரம் ஆகும்” என்றார். சொன்ன தொகை ஒரு லட்சத்துக்கு மேலே. அங்கிள் ஒண்ணும் சொல்லலை. அன்னிக்கு ராத்திரி பார்க்கிங்ல அந்தக் காருக்குள்ளேயே ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தாராம். மண்டபத்துக்கு மீதிப் பணம் கட்டவேண்டிய நேரத்துல ஒரு லட்சம்னா சும்மாவா?

சரி, அது என்ன பூட்டு?

பழைய கார்கள்ல சாவியை எடுத்துட்டு ஸ்டியரிங்கைத் திருப்பினா ‘டக்’னு ஒரு சத்தம் கேட்கும், கவனிச்சிருக்கீங்களா? ஒரு இரும்புத் தாழ்ப்பாள் ஸ்டியரிங் தண்டுல இருக்கிற பள்ளத்துல போய் உட்காரும் சத்தம் அது. இன்ஜினை எப்படியாவது ஸ்டார்ட் பண்ணினாலும் திருடனால வளைவுல வண்டியைத் திருப்ப முடியாது. எளிமையான ஐடியா!

இந்த ஐடியாவுக்கு ஒரு சுவாரஸ்யமான வரலாறு உண்டு. 1960-களின் தொடக்கத்துல மேற்கு ஜெர்மனியில புது கார், பழைய கார் எல்லாத்துக்கும் ஸ்டியரிங் லாக் கட்டாயம்னு கொண்டு வந்தாங்க. கார் திருட்டு சரிஞ்சது. பிரிட்டன்ல 1971-ல் புது கார்களுக்கு மட்டும் கட்டாயமாச்சு. திருடர்கள் என்ன பண்ணினாங்க தெரியுமா? புது காரை விட்டுட்டு, பூட்டு இல்லாத பழைய கார்களைத் தேடிப் போனாங்க! பூட்டு எல்லார் வீட்லயும் இருந்தாத்தான் தெருவுக்கே பாதுகாப்பு.

எலெக்ட்ரானிக் லாக்ல அதே தாழ்ப்பாள்தான். ஆனா, அதை இழுக்கிறது நம்ம கை இல்லை, கட்டைவிரல் சைஸ் மோட்டார். சாவியைப் போட்டதும் காரோட கம்ப்யூட்டர், “நீ யாரு?”ன்னு சாவியைக் கேட்கும். சாவி ரகசிய எண்ணைச் சொல்லும். சரியா இருந்தா பூட்டுக்கு உத்தரவு போகும். மோட்டார் சுத்தி, பல்சக்கரம் வழியா தாழ்ப்பாளை இழுக்கும். ‘திறந்தாச்சு’ன்னு பூட்டு பதில் சொன்ன பிறகுதான் மத்ததுக்கெல்லாம் கரன்ட். பதில் வரலைன்னா? ஓடும்போது ஸ்டியரிங் பூட்டிக்கிட்டா உயிருக்கே ஆபத்தாச்சே... அதனால கார் உயிரே கொடுக்காது. அங்கிளோட கார்ல நடந்தது அதுதான்.

தட்டுங்கள், திறக்கப்படும்!

தெரிஞ்ச மெக்கானிக் அண்ணன் ஒருத்தருக்கு போன் போட்டோம். வந்தவர் முதல்ல பூட்டைப் பார்க்கலை, பேட்டரியைப் பார்த்தார். நல்லா சார்ஜ் ஆன பேட்டரி, இன்ஜின் ஓடாதப்போ 12.6 வோல்ட் காட்டணும். 12-க்குக் கீழே போனா இந்த மாதிரி பூட்டெல்லாம் சண்டித்தனம் பண்ணும். எங்க பேட்டரி நல்லாத்தான் இருந்தது. அடுத்து, ஸ்டியரிங்கை இடதும் வலதுமா லேசா அசைச்சுக்கிட்டே சாவியைப் போடச் சொன்னார். சக்கரம் ஒரு பக்கமா அழுத்தி நின்னா தாழ்ப்பாள் பள்ளத்துல இறுகிக்கும், அதுக்குத்தான். அதுக்கும் மசியலை.

மூணாவதா, ஸ்க்ரூ டிரைவரோட கைப்பிடியால ஸ்டியரிங் தண்டுக்குக் கீழே, பூட்டு இருக்கிற இடத்துல ‘டொக் டொக்’னு மெதுவா தட்டினார். “இப்போ சாவியைப் போடு தம்பி!” நண்பன் போட்டான். ‘ர்ர்ர்க்...’ டேஷ்போர்டு தீபாவளி மாதிரி எரிஞ்சது!

நாங்க கத்தின கத்துல வாட்ச்மேன் ஓடி வந்துட்டார். அண்ணன் மட்டும் சிரிக்கலை. “சாவியை எடுத்துடாதீங்க. இது நல்லா ஆகலை, கடைசியா ஒரு தடவை கண்ணைத் திறந்திருக்கு. திறந்திருக்கும்போதுதான் இந்தப் பூட்டைச் சுலபமா கழட்ட முடியும். மூடின நிலையில செத்துப்போனா அறுத்துத்தான் எடுக்கணும். நேரா புதுப்பேட்டைக்கு விடுங்க.”

இதை மட்டும் குறிச்சு வெச்சுக்கோங்க. உங்க வீட்டுக் காருக்கு இப்படி ஆகி, தட்டித் திறந்துட்டா, ‘சரியாயிடுச்சு’ன்னு விட்டுடாதீங்க. அடுத்த தடவை அது எங்கே மூடிக்கும்னு சொல்ல முடியாது.

இரும்பு வாசம் வீசும் தெரு

ஆதித்தனார் சாலையிலிருந்து உள்ளே திரும்பினதும் முதல்ல உங்களை வரவேற்கிறது வாசனை. கிரீஸ், பழைய இன்ஜின் ஆயில், வெல்டிங் புகை, நடுவுல எங்கிருந்தோ பிரியாணி. ரெண்டு பக்கமும் கதவுகள் புத்தகம் மாதிரி சாய்ச்சு அடுக்கியிருக்கு. ஹெட்லைட்டுகள் கண்ணு கண்ணா முழிச்சுக்கிட்டு தொங்குது. ஒரு கடையில வெறும் ஸ்டியரிங், பக்கத்துக் கடையில வெறும் கியர்பாக்ஸ். உங்க தாத்தா ஓட்டின அம்பாசடரோட பாகத்தைக் கூட ‘இருங்க, பார்க்கலாம்’னு உள்ளே போய்த் தேடுவாங்க.

நமக்குக் குப்பையாத் தெரியறது அவங்களுக்கு லைப்ரரி. எந்தக் குவியல்ல எது இருக்குன்னு கம்ப்யூட்டர் இல்லாமலே தெரியும். பையன் ஒருத்தன் கண்ணை மூடி ரெண்டு பேரிங்கைக் கையில உருட்டிப் பார்த்து, “இது ஓடாதுண்ணே”ன்னு ஒண்ணைத் தள்ளி வெச்சான்.

அண்ணன் சொன்ன கடைக்குப் போனோம். வெள்ளைத் தாடி வெச்ச பாய். நண்பன் அவசரக்குடுக்கை. “பாய், இந்த மாடலுக்குப் பழைய ஸ்டியரிங் லாக் ஒண்ணு கொடுங்க, பில்லெல்லாம் வேணாம்” என்றான்.

பாய் மூக்குக்கண்ணாடியைக் கழட்டினார். “உனக்கு வேணாம் தம்பி, எனக்கு வேணும். மொதல்ல ஆர்.சி புக்கைக் காட்டு.”

நண்பன் முகம் சுருங்கிடுச்சு. பாய் பொறுமையாத்தான் சொன்னார். “நாலு பேர் பண்ணின தப்புக்கு இந்தத் தெருவுக்கே கெட்ட பேர். போலீஸ் வந்து கேட்டா, இந்தப் பொருள் எந்த வண்டியிலேர்ந்து வந்துச்சு, யாருக்குக் கொடுத்தேன்னு நான் சொல்லணும். இது சும்மா பம்பர் இல்ல, பூட்டு. வண்டி உன்னுதுதான்னு தெரியாம பூட்டுல கை வெச்சா நானும் திருடன்தான்.”

எனக்கு அந்த டீ ஜோக் ஞாபகத்துக்கு வந்து தொண்டையில மாட்டிக்கிச்சு. காரோட கம்ப்யூட்டர் சாவியைப் பார்த்துக் கேட்கிற அதே கேள்வியைத்தான் பாய் எங்களைப் பார்த்துக் கேட்டார்: நீ யாரு?

அங்கிள்கிட்டேர்ந்து வாட்ஸ்அப்ல ஆர்.சி வந்தது. பேர், நம்பர், சேஸிஸ் நம்பர் எல்லாம் பார்த்த பிறகு அவர் சொன்னதுதான் ட்விஸ்ட். “பழைய லாக் என்கிட்ட இருக்கு. ஆனா, உனக்கு ஆகாது. இந்தப் பூட்டு ஏகபத்தினி விரதன். ஒரு வண்டியோட கம்ப்யூட்டரோட சேர்ந்துட்டா, அந்த ஞாபகத்தை அழிக்காம இன்னொரு வண்டிக்கு வேலை செய்யாது. உன் பூட்டுக்கு மூளை நல்லாத்தான் இருக்கும், கைதான் செத்திருக்கும். மோட்டாரை மட்டும் மாத்து.”

வியாபாரம் போனாலும் பரவாயில்லைன்னு உண்மையைச் சொன்ன மனுஷன். பக்கத்துச் சந்துல இருக்கிற எலெக்ட்ரீஷியனுக்கு ஆள் அனுப்பி வெச்சதும் அவர்தான்.

கூவத்தைத் தாண்டி...

எலெக்ட்ரீஷியன் முதல்ல பேட்டரி ஒயரைக் கழட்டிட்டு டீ சொன்னார். “ஸ்டியரிங்ல ஏர்பேக் இருக்கு. கரன்ட் அடங்கக் கொஞ்ச நேரம் விடணும். அவசரப்பட்டா மூஞ்சியில வெடிக்கும்.” யூடியூப் பார்த்துட்டு நீங்களே ஸ்பேனரைத் தூக்கற ஆளா? இந்த இடத்துல நல்லா யோசிங்க!

ரெண்டு மணி நேரத்துல பூட்டு வெளியே வந்தது. மூடியைத் திறந்தா உள்ளே அந்தக் குட்டி மோட்டார். அதுக்குள்ள கரன்ட்டைக் கொண்டு போற பிரஷ் தேஞ்சு, கரித்தூள் அப்பிக்கிடந்தது. தட்டினப்போ ஏன் திறந்ததுன்னு இப்போ புரியுதா? அதிர்ச்சியில பிரஷ் ஒரு நொடி ஒட்டியிருக்கு. ஒவ்வொரு தடவை வண்டி எடுக்கும்போதும், நிறுத்தும்போதும் ஒரு சுத்து. பத்து வருஷத்துல எத்தனை ஆயிரம் சுத்து! பாவம், அதுவும் ரிட்டயர் ஆகத்தானே வேணும்?

“சென்ட்ரல் லாக் கதவுல இருக்குமே, அந்த ஜாதி மோட்டார்தான். ரிச்சி ஸ்ட்ரீட்ல கேளுங்க. ஷாஃப்ட் நீளம் முக்கியம், பழசைக் கையில எடுத்துக்கிட்டுப் போங்க.”

புதுப்பேட்டையிலிருந்து கூவம் பாலத்தைத் தாண்டினா அண்ணா சாலைப் பக்கம் வந்துடலாம். பாலத்து மேலே மூக்கைப் பிடிச்சுக்கிட்டு நடந்தப்போதான் தோணுச்சு. ஆத்துக்கு அந்தப் பக்கம் இரும்பு, இந்தப் பக்கம் எலெக்ட்ரானிக்ஸ். இன்னிக்குக் கார்னா ரெண்டும் சேர்ந்ததுதானே? ரெண்டு தெருவுக்கும் நடுவுல ஒரு ஆறுதான் இடைவெளி.

ரிச்சி ஸ்ட்ரீட்டைப் பத்தி உங்களுக்குச் சொல்லவே வேணாம். காலேஜ் ப்ராஜெக்ட் பண்ணின எந்த எலெக்ட்ரானிக்ஸ் ஸ்டூடன்ட்டும் அந்த நரசிங்கபுரம் தெரு நெரிசல்ல இடிபட்டிருப்பீங்க. நாலு கடையில உதட்டைப் பிதுக்கினாங்க. அஞ்சாவது கடைப் பையன் பழைய மோட்டாரை வாங்கி, கேலிப்பர்ல அளந்து, உள்ளே போய் ஒரு டப்பாவோட வந்தான். விலை முந்நூத்தி ஐம்பது ரூபாய்! நண்பன் ரெண்டா வாங்கிட்டான்.

குறுக்கு வழி வேணுமா?

திரும்பி வந்தப்போ, ஒர்க்‌ஷாப்ல காரோடு காத்திருந்த இன்னொருத்தர் ஆலோசனை சொன்னார். “எதுக்குப் பாஸ் இவ்ளோ மெனக்கெடுறீங்க? எமுலேட்டர்னு ஒரு டப்பா இருக்கு. ‘பூட்டு திறந்தாச்சு, திறந்தாச்சு’ன்னு கம்ப்யூட்டர்கிட்ட சொல்லிக்கிட்டே இருக்கும். பூட்டே தேவையில்லை!”

அவர் சொன்னது பொய் இல்லை. அப்படி ஒரு டப்பா இருக்கு, நிறைய பேர் போடறாங்க. சாவியைச் சரிபார்க்கிற வேலை அப்பவும் நடக்கும், இன்ஜினைச் சும்மா ஸ்டார்ட் பண்ணிட முடியாது. ஆனா, ஸ்டியரிங்கைப் பிடிச்சு நிறுத்தற தாழ்ப்பாள் போயிடும். அதைவிட முக்கியமான ஒண்ணை எலெக்ட்ரீஷியன் சொன்னார். “சில பேர் பூட்டை உள்ளேயே விட்டுட்டு டப்பாவை மாட்டுவாங்க. கம்ப்யூட்டருக்குத் திறந்திருக்குன்னு தகவல், உள்ளே தாழ்ப்பாள் என்ன நிலையில இருக்குன்னு யாருக்குத் தெரியும்? ஓட்டும்போது விழுந்துச்சுன்னா? அந்த டப்பாவைப் போடறதா இருந்தா பூட்டை முழுசா வெளியே எடுத்துட்டுத்தான் போடணும்.”

நண்பன் என்னைப் பார்த்தான். அப்பாவும் மாப்பிள்ளையும் உட்காரப்போற வண்டி. “மோட்டாரே மாத்திடுங்கண்ணே!”

சாயங்காலம் பூட்டு மறுபடியும் ஸ்டியரிங் தண்டுல ஏறிச்சு. மூளை பழசு, அதனால கம்ப்யூட்டருக்கு அறிமுகமே தேவைப்படலை. சாவியைப் போட்டதும் ‘ர்ர்க்’. எலெக்ட்ரீஷியன் சாவியை எடுக்க வெச்சார், போட வெச்சார். ஒண்ணு, ரெண்டு... முப்பது தடவை! அதுக்கப்புறம்தான் கூலி வாங்கினார், எட்டாயிரம். பாய்கிட்ட சொல்லிட்டுக் கிளம்பலாம்னு போனோம். “எங்க பொருள் எதுவும் விக்கலையே, அப்புறம் என்ன?”ன்னு காசு வாங்க மறுத்துட்டார். கல்யாணப் பத்திரிகையை மட்டும் வாங்கிக்கிட்டார்.

மாப்பிள்ளை அழைப்பு அன்னிக்குக் காரை ஓட்டினது அங்கிள்தான். பந்தியில முதல் வரிசையில பாயும் எலெக்ட்ரீஷியனும். சாப்பிட்டு முடிச்ச பாய் வெளியே வந்து, “எங்கே, ஒரு தடவை சாவியைப் போடுங்க” என்றார். அங்கிள் போட்டார். பாய் காதைச் சாய்ச்சுக் கேட்டுட்டுத் தலையாட்டினார்.

அடுத்த தடவை எழும்பூர்ல இறங்கினா, வண்டியில கோளாறே இல்லைன்னாலும் புதுப்பேட்டை வரைக்கும் ஒரு நடை போயிட்டு வாங்க. எதையாவது வாங்கினா பில் கேளுங்க. அவங்க உங்களை யாருன்னு கேட்டா கோவிச்சுக்காதீங்க. நல்ல பூட்டு அப்படித்தான் கேட்கும்!