கூரைக்காக ஒரு குடியரசு

தன் காணியிலே கொடியேற்றித் தன்னையே அரசனென்பவனைக் கண்டு நாம் நகைக்கின்றோம். மேற்கு அவுஸ்திரேலியாவிலே கோதுமை விற்பனைக்கு அரசு விதித்த வரம்பைச் சகியாது 1970 இல் தனிநாடு கண்ட லெனாட் காஸ்லி அத்தகையவரே. பெருநிலக்காரரின் கோபம் அங்கே இளவரசுப் பட்டம் சூடியது. 2020 இல் வரிக்கடனோடு அந்நாடு கலைந்தது.

இலண்டன் பிறெஸ்ரன் வீதியிலே 1977 ஒக்ரோபர் 31 இல் தோன்றிய 'பிறெஸ்ரோனியா'வையோ நம்மால் நகைத்து ஒதுக்க இயலவில்லை. பாழடைந்த வீடுகளிற் குடியேறியிருந்த சுமார் 120 பேரைப் பெருநகர மன்றம் அகற்ற முனைந்தது. அவர்களோ சுதந்திரப் பிரகடனஞ் செய்து, ஐக்கிய நாடுகள் சபையிடம் அமைதிப் படை கோரினர். முத்திரை வெளியிட்டனர். கல்வியமைச்சருக்கு வயது இரண்டு! (இதனினும் மூத்த அமைச்சர்கள் இதனினும் நன்றாகச் செய்ததுண்டோ என ஆசிரியர்கள் கூறட்டும்.)

வேடிக்கைக்குள்ளே கணக்கொன்று இருந்தது. அனைவரும் 'பிறாம்லி' என்ற ஒரே குடும்பப் பெயரைச் சூடினர். ஒரே குடும்பமாயின் ஒன்றாகவே மாற்றுக் குடியிருப்பு அளிக்க வேண்டுமல்லவா? வீடற்றோர் விடுக்கும் மனு கோப்பிலே உறங்கும். 'நாடு' ஒன்று விடுக்கும் மனுவைக் காணப் பத்திரிகையாளர் ஓடி வருவர். வந்தனர். பேச்சுவார்த்தை பிறந்தது, குடியரசினர் வீடமைப்புக் கூட்டுறவுச் சங்கமாயினர். அவ்விடத்திலேயே அவர்களுக்குப் புதிய வீடுகள் எழுந்தன.