வரலாற்றைக் காட்டவும்

தமிழ் விக்கிப்பீடியாவில் எந்தக் கட்டுரையைத் திறந்தாலும் முதலில் ‘வரலாற்றைக் காட்டவும்’ என்பதை அழுத்திவிடுவேன். யார் தொடங்கினார், யார் மேற்கோள் சேர்த்தார், யார் ஒற்றுப்பிழை களைந்தார் என்பதெல்லாம் நாள், நேரத்தோடு அங்கே இருக்கும். பழைய கட்டுரைகளின் அடிவரை போனால் அடிக்கடி கண்ணில் படும் பெயர் மயூரநாதன். யாழ்ப்பாணத்துக்காரர், கட்டடக்கலைஞர், வேலை பார்த்தது ஐக்கிய அரபு அமீரகத்தில். 2003-இல் தளம் ஆளில்லாமல் கிடந்தபோது இடைமுகத்தின் பெரும்பகுதியைத் தமிழாக்கிவிட்டுக் கட்டுரை எழுத உட்கார்ந்தவர். அவர் படித்த படிப்பு அவர் எடுத்த கட்டடக்கலைத் தலைப்புகளிலேயே தெரியும். கனடாவின் தமிழ் இலக்கியத் தோட்டம் வாழ்நாள் சாதனைக்கு வழங்கும் இயல் விருது, 2015-ஆம் ஆண்டுக்கு அவரைத் தேடிப் போனது. நாவலாசிரியர்களும் ஆய்வாளர்களும் பெற்ற விருது அது. கட்டுரையின் தலையில் பெயர் போட்டுக்கொள்ளாத எழுத்துக்கும் அந்த இடம் உண்டு என்று ஆனதில் எனக்கு இன்றுவரை பெருமைதான்.

என் பயனர் பக்கத்தில் இரண்டே வரிகள். ஊர் ஸ்ரீவைகுண்டம் பக்கம், ஆர்வம் ஆற்றுப் பாசனம். தாமிரபரணியின் எட்டு அணைக்கட்டுகளும் சின்ன வயதிலேயே மனப்பாடம்: கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், ஸ்ரீவைகுண்டம். கடைசி ஒன்றுதான் ஆங்கிலேயர் காலத்தது, மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. மருதூரில் மேலக்கால், கீழக்கால் பிரியும். ஸ்ரீவைகுண்டத்தில் வடகால், தென்கால். வயல்காட்டில் வளர்ந்த யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

ஆனால் யாரும் சொல்வார்கள் என்பது கலைக்களஞ்சியத்தில் செல்லாது. ஒவ்வொரு வரிக்கும் ஆதாரம் வேண்டும். பேட் தொகுத்து 1917-இல் வெளிவந்த திருநெல்வேலி மாவட்ட விவரச்சுவடியை வரிவரியாகப் படித்தது அதற்காகத்தான். ‘உலகப் புகழ்பெற்ற’, ‘மிகத் தொன்மையான’ என்று யாரோ ஆசையாகச் சேர்த்திருந்ததை எடுத்துவிட்டு, எந்தக் கால் எந்தக் கரையில் பிரிகிறது, எந்த ஊர்க் குளங்களை நிரப்புகிறது என்று எழுதினேன். ஊர்ப்பாசம் உள்ளவன் செய்ய வேண்டிய வேலை இதுவென்றே நினைக்கிறேன். புகழுரையை ஒருவர் சேர்த்தால் இன்னொருவர் நீக்குவார். ஆதாரத்தோடு நிற்கிற தகவலில் கைவைக்க எவருக்கும் மனம் வராது.

பாராட்டுக்குக் குறைவில்லை. பேச்சுப் பக்கத்தில் பதக்கம் வைப்பார்கள், தொடர்ந்து எழுதுகிறவரை முதற்பக்கத்தில் அறிமுகப்படுத்துவார்கள். புதிதாக வருகிறவர்களுக்கு அது பெரிய தெம்பு, தயங்காமல் கொடுக்க வேண்டும். எனக்கு உறைத்த பாராட்டு வேறு. இலங்கையிலிருந்து ஒரு பயனர், நான் எழுதிய அணைக்கட்டுக் கட்டுரையின் உரையாடல் பக்கத்தில், “ஐயா, நீரளவைக் கன அடியில் மட்டும் தந்திருக்கிறீர்கள். கன மீட்டரிலும் தந்தால் எங்கள் பிள்ளைகளுக்கு உதவும்” என்று கேட்டிருந்தார். அவ்வளவு கூர்ந்து படித்திருக்கிறார்! அன்றே சேர்த்தேன். பிறகு அவர் கிளிநொச்சியின் இரணைமடுக் குளம் பற்றிய கட்டுரையை விரிக்கத் தொடங்க, அந்தப் பக்கத்தை என் கவனிப்புப் பட்டியலில் போட்டுக்கொண்டேன். இப்போது இருவரும் அதன் வான்கதவுகள் பற்றிய பத்திக்கு நல்ல மேற்கோளாகத் தேடிக்கொண்டிருக்கிறோம்.