பெட் போட்ட வழக்கு

அமெரிக்காவில் தியோடர் ஸெட்ஜ்விக் என்று ஒரு வக்கீல் இருந்தார். பெரிய மனிதர்தான். செனட் அங்கத்தினர், 1799 முதல் 1801 வரை பிரதிநிதிகள் சபையின் சபாநாயகர், பிறகு மாஸசூஸெட்ஸ் உச்ச நீதிமன்ற நீதிபதி. இந்தப் பதவிகளுக்காக அவரை உங்களிடம் அழைத்து வரவில்லை, சகோதரிகளே! ஒரு சமையலறைப் பெண்ணுக்காக அழைத்து வருகிறேன்.

1773-ல் ஷெஃபீல்டு என்ற ஊரில், கர்னல் ஜான் ஆஷ்லியின் வீட்டில் சில கனவான்கள் கூடினார்கள். மனிதர் யாவரும் சமம், சுதந்திரர் என்று தீர்மானம் எழுதினார்கள். இளம் வக்கீல் ஸெட்ஜ்விக்கும் அதில் இருந்தார். அந்த வீட்டில் பெட் என்று ஓர் அடிமைப் பெண். ஆப்பிரிக்க வம்சத்தவள், எழுதப் படிக்கத் தெரியாதவள். கனவான்கள் பேச ஆரம்பித்துவிட்டால், தட்டு எடுக்க வருகிறவளுக்கும் காது உண்டு என்பது மறந்துபோகிறது!

வீட்டு எஜமானி பொல்லாதவள். ஒரு நாள், சமையலறையில் இருந்த சிறு பெண் ஒருத்தியை அடிக்க, பழுக்கக் காய்ந்த நெருப்புக் கரண்டியை ஓங்கினாள். பெட் குறுக்கே பாய்ந்து தன் கையில் அந்த அடியை வாங்கிக்கொண்டாள். புண் ஆறியது, தழும்பு போகவில்லை. அதை அவள் மூடி மறைக்கவும் இல்லை. பார்க்கிறவர்கள் பார்க்கட்டும், கேட்கிறவர்கள் எஜமானியைக் கேட்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

1780-ல் மாஸசூஸெட்ஸின் புதிய அரசியல் சட்டம் வந்தது. மனிதர் எல்லோரும் பிறப்பில் சுதந்திரர், சமமானவர் என்று அதிலும் இருந்தது. பெட் நேரே ஸெட்ஜ்விக்கிடம் போனாள். அந்தச் சட்டம் எனக்கும் உண்டா, இல்லையா என்பதுதான் அவள் கேள்வி.

ஆஷ்லி ஊருக்குப் பெரியவர், நீதிபதியும்கூட. அவரைப் பகைத்துக்கொள்ள எந்த வக்கீலுக்கு மனசு வரும்? ஸெட்ஜ்விக் வழக்கை எடுத்துக்கொண்டார். அதே வீட்டில் அடிமையாயிருந்த ப்ராம் என்பவனும் வாதியாகச் சேர்ந்தான். 1781 ஆகஸ்டில் கிரேட் பாரிங்டன் கோர்ட்டில் ஜூரிகள், இருவரும் அடிமைகள் அல்ல என்றார்கள். நஷ்டஈடு முப்பது ஷில்லிங். கூலி தருகிறேன், திரும்பி வா என்று ஆஷ்லி கூப்பிட்டார். அவள் போகவில்லை. எலிஸபெத் ஃப்ரீமன் என்று பெயர் வைத்துக்கொண்டு, ஸெட்ஜ்விக் வீட்டில் சம்பளத்துக்கு அமர்ந்தாள்.

இதற்குப் பிறகு நடந்ததைத்தான் நான் அடிக்கடி நினைத்துக்கொள்வேன். ஸெட்ஜ்விக் பாமர ஜனங்களின் ஆட்சியில் நம்பிக்கை இல்லாதவர். ஆனால் அரசியல் மோகம் மட்டும் விடவில்லை. மாதக்கணக்கில் பிலடெல்பியாவில் இருப்பார். ஸ்டாக்பிரிட்ஜ் வீட்டில் மனைவி பமீலாவுக்கு அடிக்கடி சித்தம் கலங்கும். அந்த நாட்களில் அவளைப் பார்த்துக்கொண்டதும், குழந்தைகளை வளர்த்ததும் எலிஸபெத்தான். குழந்தைகளுக்கு அவள் 'மம்பெட்'. வக்கீல் அவளுக்கு ஒரு வழக்கை ஜெயித்துக் கொடுத்தார். அவளோ அவர் வீட்டையே தாங்கினாள். யார் கடன் பெரியது, நீங்களே சொல்லுங்கள்!

ஸெட்ஜ்விக் 1813-ல் காலமானார். மம்பெட் 1829-ல் கண் மூடியபோது, அவர்களுடைய குடும்ப இடுகாட்டிலேயே அவளையும் அடக்கம் செய்தார்கள். அவள் வளர்த்த பெண்களில் ஒருத்தி கேதரின், பெயர்பெற்ற நாவலாசிரியை. மம்பெட்டின் கழுத்தில் கிடந்த தங்க மணிகளைக் கோத்துச் செய்த கைச்சங்கிலி அவளிடம் இருந்தது. இப்போது அது பாஸ்டனில், மாஸசூஸெட்ஸ் சரித்திர சங்கத்தில் இருக்கிறது.