திருவல்லிக்கேணி வெந்நீர்

மார்கழி விடியலில் பார்த்தசாரதி கோயிலுக்குப் போகும்போது துளசிங்கப் பெருமாள் கோயில் தெருவைக் கவனியுங்கள். பாரதியார் வாழ்ந்த வீடு அங்கேதான். அக்கம்பக்கத்துச் சந்துகளில் ரேழியும் முற்றமுமாகச் சில பழைய வீடுகள் இன்னமும் நிற்கின்றன.

அந்த முற்றத்தில்தான் முன்பு தாமிர பாய்லர் இருக்கும். நடுக்குழாயில் கரியைப் போட்டுப் பற்ற வைத்தால், சுற்றியுள்ள தண்ணீர் கொதிக்கும். புளி போட்டுத் தேய்ப்பதற்குள் கை ஓய்ந்துவிடும், அப்பப்பா! ஆனால் புகை வானத்துக்குப் போய்விடும்.

இப்போது முற்றம் ஏது? போர்ஷன் போர்ஷனாகப் பிரித்த வீட்டில், ஜன்னலில்லாத குளியலறையில் காஸ் கீஸரை மாட்டுகிறார்கள். குழாயைத் திறந்தால் பாட்டரிப் பொறியில் பற்றும், மூடினால் அணையும். சௌகரியம்தான். ஆனால் மூடிய அறையில் பிராணவாயு குறையக் குறைய, அது கார்பன் மோனாக்ஸைடு என்ற விஷவாயுவைக் கக்கும். சமையல் காஸ் கசிந்தால் மூக்குக்குத் தெரியும். இதற்கு வாசனையே கிடையாது. தலைவலி, குமட்டல்... பித்தமோ என்று நினைப்பதற்குள் தாழ்ப்பாளைத் திறக்கவும் தெம்பிராது. இடுப்பில் குழந்தை வேறு!

எனக்குத் தெரிந்த மாமி ஒருவர் கீஸர், சிலிண்டர் இரண்டையும் திறந்த பால்கனியில் வைத்து, குழாயை மட்டும் உள்ளே விட்டிருக்கிறார். "எரியறது வெளியிலேயே எரியட்டும்டீ" என்பார். இடமில்லாதவர்கள் கதவைத் திறந்துவைத்து வாளியை நிரப்பி, கீஸரை அணைத்து, காற்றாட விட்டபிறகே குழந்தையைத் தூக்கிப் போங்கள். ஜ்வாலை நீலமாக இல்லாமல் மஞ்சளாக எரிந்தால் அன்றே மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள். யாராவது உள்ளே மயங்கிவிட்டால், உடனே வெளிக்காற்றுக்குத் தூக்கி வந்து, காஸை மூடி, 108-ஐ அழையுங்கள். ராயப்பேட்டை அரசு மருத்துவமனை பக்கத்தில்தான்.